செகர் குன்று, 31 மே 1809: சின்ஜெலிச்சின் வாழ்க்கை கடைசி ஒரு நிமிடம் மட்டும்தானா?

#1 மொராவாக்கரை

வணக்கம். ஒட்டோமான் ஆட்சியை எதிர்த்து 1804இல் தொடங்கிய செர்பிய எழுச்சியின் தளபதி ஸ்டேவான் சின்ஜெலிச் பற்றித் தமிழில் எங்கே படித்தாலும் ஒரே காட்சிதான் வருகிறது. இன்றைய செர்பியாவின் நீஷ் நகருக்கு வெளியே செகர் குன்று. அரணுக்குள் புகுந்துவிட்ட ஒட்டோமான் படை. வெடிமருந்தை நோக்கி அவர் சுட்ட கைத்துப்பாக்கி. பிறகு, மாண்ட செர்பியர்களின் மண்டையோடுகளைப் பதித்துக் கட்டிய மண்டையோட்டுக் கோபுரம். நான்கு பத்தியில் கதை முடிந்துவிடும்.

அந்த ஒரு நொடிக்கு முன்னால் அந்த மனிதர் ஏறக்குறைய 38 ஆண்டுகள் வாழ்ந்திருக்கிறார். அவர் யார், எப்படித் தளபதி ஆனார்? அதைவிட முக்கியமாக, சுற்றிலும் 16,000 செர்பியர்கள் இருந்தபோது 3,000 பேர் மட்டும் ஏன் தனியாகச் செத்தார்கள்? இந்த இரண்டாவது கேள்விக்குத்தான் எங்கும் நேரான பதில் இல்லை. தெரிந்தவர்கள் விவரமாக எழுதுங்கள்.

#2 பால்கன்வாசகர்

நல்ல கேள்வி நண்பரே. முதலில் ஆளைப் பார்ப்போம்.

பிறந்தது 1770 அல்லது 1771, கிராபோவாட்ஸ் என்ற சிற்றூர். வளர்ந்தது வோய்ஸ்கா. இரண்டும் இன்றைய ஸ்விலாய்நாட்ஸ் நகரை ஒட்டிய ரெசாவா வட்டாரம். தந்தை பெயர் ரதோவான் ராகிச். செர்பிய வழக்கப்படி பார்த்தால் இவர் ராகிச் என்றே அறியப்பட்டிருக்க வேண்டும். தந்தை சீக்கிரமே இறந்துபோனார். தாய் சின்ஜெலியாதான் வளர்த்தார். ஊரார் 'சின்ஜெலியா மகன்' என்று அழைத்ததே பெயராக நின்றுவிட்டது. தாயின் பெயரைச் சுமந்து போர்க்களம் போனவர் என்பது எனக்கு எப்போதும் மனதைத் தொடும் செய்தி.

இளமையில் வோய்ஸ்கா ஊர் க்னேஸ் பேதரிடம் வேலை பார்த்தார். க்னேஸ் என்றதும் ரஷ்யக் கதைகளில் வரும் இளவரசன் என்று எண்ணிவிட வேண்டாம். ஒட்டோமான் செர்பியாவில் க்னேஸ் என்பவர் சில பல ஊர்களுக்குத் தலைவர். வரி வசூலித்துக் கொடுப்பவர், ஊர் வழக்கைத் தீர்ப்பவர், அதிகாரியிடம் ஊருக்காகப் பேசுபவர். நம் பக்கத்து நாட்டாண்மையும் மணியமும் சேர்ந்த ஆள் என்றால் ஓரளவு பொருந்தும். அந்த வீட்டில் வளர்ந்தவனுக்கு ஆட்களைத் திரட்டவும் கணக்குப் பார்க்கவும் துப்பாக்கி பிடிக்கவும் பழக்கம் வந்துவிடும்.

1804 தொடக்கத்தில் பெல்கிராடை ஆட்டிப்படைத்த நான்கு தாஹியாக்கள் (ஜானிசரி எனும் ஒட்டோமான் காலாட்படையின், சுல்தானுக்கே அடங்காத தலைவர்கள்) க்னேஸ்களையும் ஊர்ப் பெரியவர்களையும் தேடித்தேடி வெட்டினார்கள். அலெக்சா நெனாதோவிச்சும் இலியா பிர்ச்சானினும் வால்யேவோவில் தலை வெட்டப்பட்டது அப்போதுதான். அதற்குப் பதிலாக ஒராஷாட்ஸில் கூடிய கூட்டம் காராஜோர்ஜெயைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தது. சின்ஜெலிச் எழுச்சியில் சேர்ந்தது இந்த அலையில்தான்.

#3 பழையவரைபடம்

பால்கன்வாசகர் சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். தொடக்கத்தில் அது சுல்தானுக்கு எதிரான போர் அல்ல. 'சுல்தானின் பெயரைக் கெடுக்கும் தாஹியாக்களை ஒழிக்கிறோம்' என்பதுதான் செர்பியர்கள் சொன்ன காரணம். 1804 ஆகஸ்டில் டான்யூப் ஆற்றின் அதா கலே தீவில் நான்கு தாஹியாக்களும் கொல்லப்பட்டார்கள். அத்தோடு எல்லோரும் வீட்டுக்குப் போக வேண்டும் என்று இஸ்தான்புல் எதிர்பார்த்தது. செர்பியர்கள் போகவில்லை.

திருப்பம் 1805 ஆகஸ்ட், இவான்கோவாட்ஸ். நீஷிலிருந்து ஹாஃபிஸ் பாஷா சுல்தானின் முறையான படையோடு வடக்கே வந்தார். மிலென்கோ ஸ்டோய்கோவிச்சும் பேதர் தோபர்ஞாட்ஸும் ஏறக்குறைய 2,500 பேரோடு மண்கோட்டை தோண்டிக் காத்திருந்து தடுத்தார்கள். பாஷா பாராச்சின் பக்கம் ஒதுங்கினார். காராஜோர்ஜெ பீரங்கியோடு வந்து சேர்ந்ததும் நீஷுக்கே திரும்பினார். செர்பியர்கள் சுல்தானின் சொந்தப் படையைத் தோற்கடித்த முதல் சண்டை அது. அதன்பின் 'நாங்கள் விசுவாசிகள்' என்று சொல்ல வழியில்லை.

சின்ஜெலிச் இவான்கோவாட்ஸில் போரிட்டார், பின்னர் தெலிகிராட் அரணிலும் நின்றார். அங்கிருந்து எழுந்துதான் ரெசாவாவின் வொய்வொதா (வட்டாரப் படைத்தலைவர்) ஆனார். மண்கோட்டைக்குள் உட்கார்ந்து தன்னைவிடப் பெரிய படையை வரவைத்து அடிப்பதுதான் அவர் கற்ற போர்முறை. செகரில் நடந்ததைப் புரிந்துகொள்ள இதை மறக்கக் கூடாது.

#4 மொராவாக்கரை

இருவருக்கும் நன்றி. மண்கோட்டை என்கிறீர்களே, அது பதுங்குகுழியா, கோட்டையா? படங்களில் ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு மாதிரி இருக்கிறது.

#5 வெடியுப்பு

செர்பியர்கள் அதற்குச் சொல்லும் பெயர் ஷனாட்ஸ். முதல் உலகப் போரின் நீண்ட பதுங்குகுழி அல்ல. நான்கு பக்கமும், அல்லது வட்டமாக, மூடிய மண்ணரண். செய்யும் முறை இப்படி:

முதலில் கோடு போட்டு வெளிப்பக்கம் அகழி வெட்டுவார்கள். வெட்டிய மண்ணை உள்பக்கமாகவே எறிந்து மேடாக்குவார்கள். ஆகவே அகழி எவ்வளவு ஆழமோ அவ்வளவுக்கு மேடும் உயரும், ஒரே உழைப்பில் இரண்டு வேலை. மேடு சரியாமலிருக்க மிலாறுகளைப் பின்னிய தட்டியும் மரக்கட்டைகளும் கொடுப்பார்கள். மேலே அல்லது அகழியை ஒட்டிக் கூர்க்கட்டை வேலி. உள்ளே பீரங்கி நிற்க மேடை. நடுவில், கூடியவரை தாழ்வான இடத்தில், வெடிமருந்துக்கு ஒரு மூடிய இடம்.

கல்கோட்டைக்கு ஆண்டுக்கணக்கு வேண்டும்; இதற்கு மண்வெட்டியும் விவசாயிகளும் போதும். பீரங்கிக் குண்டு கல்லைச் சிதறடிக்கும், மண்ணில் புதைந்துபோகும். விவசாயிகளின் படைக்கு இதைவிடப் பொருத்தமான ஆயுதம் இல்லை என்பேன்.

கோளாறு எங்கே வரும்?

முதலாவது, அகழிதான் உயிர். அது நிரம்பினால் மேடு வெறும் படிக்கட்டு. செகரில் நடந்தது அதுதான். போரைப் பார்த்த மிலோவான் குகிச் சொன்னதன்படி ஐந்து முறை தாக்குதல் முறியடிக்கப்பட்டது. ஆறாவது முறை, அதுவரை விழுந்த ஒட்டோமான் பிணங்களே அகழியை நிரப்பிவிட்டன, உயிரோடு இருந்தவர்கள் அவற்றின்மேல் ஏறி வந்தார்கள். அதன்பின் சுட நேரமில்லை. துப்பாக்கியைத் திருப்பிப் பிடித்து அடிப்பதும் வாளும்தான்.

இரண்டாவது, ஆயுதத்தின் களைப்பு. விடியலில் தொடங்கி மாலைவரை நடந்த சண்டை. சக்கிமுக்கிக் கல் வைத்த துப்பாக்கியில் இருபது முப்பது தடவை சுட்டதுமே கல் மழுங்கத் தொடங்கும். கல்லைத் திருப்பிப் பூட்ட வேண்டும் அல்லது மாற்ற வேண்டும். கருமருந்து எரிந்தால் பாதிக்கு மேல் புகையும் கசடுமாகவே மிஞ்சும். அந்தக் கசடு குழலுக்குள் ஒட்டி, அடுத்த குண்டு இறங்க மறுக்கும். குண்டை இடித்து இறக்க நேரம் பிடிக்கும். காலையில் நிமிடத்துக்கு இரண்டு தடவை சுட்டவன் மாலையில் ஒன்று சுட்டாலே அதிகம். ஒவ்வொரு அலைக்கும் எதிரி அதே எண்ணிக்கையில் புதிதாக வருவான்; அரணுக்குள் இருப்பவனின் சூடு மட்டும் குறைந்துகொண்டே போகும். ஆகவே வெளியிலிருந்து புதிய ஆளும் மருந்தும் வராத ஷனாட்ஸுக்கு மணிக்கணக்குதான் ஆயுள்.

#6 பால்கன்வாசகர்

வெளியிலிருந்து ஏன் வரவில்லை என்பதற்கு ஒரே பெயர்தான் பதில்: மிலோயெ பெத்ரோவிச்.

1809 வசந்தத்தில் காராஜோர்ஜெ பல திசைகளில் ஒரே சமயத்தில் படை அனுப்பினார். தான் தென்மேற்கே சேனிட்சா, நோவி பஸார் பக்கம் போனார். மொண்டெநெக்ரோவோடு கைகோர்ப்பது நோக்கம். நீஷ் பக்கம் போன பெரும்படைக்குத் தலைவர் வேண்டும். கிழக்கு எல்லை முழுவதும் கைரேகைபோலத் தெரிந்தவர் பேதர் தோபர்ஞாட்ஸ். இவான்கோவாட்ஸிலும் தெலிகிராடிலும் வென்றவர். அவரை ஒதுக்கிவிட்டு மிலோயெயை நியமித்தார்கள். காரணம் திறமை அல்ல. மிலோயெ, அப்போது செல்வாக்கின் உச்சியில் இருந்த ம்லாதென் மிலோவானோவிச்சின் ஆள். தோபர்ஞாட்ஸ் அவருக்குக் கீழே நிற்க வேண்டியதாயிற்று. இருவரும் பேசிக்கொண்டதைவிடச் சண்டையிட்டதே அதிகம்.

செகர் எரிந்தபோது மிலோயெ கமெனிட்சா அரணில் இருந்தார். சத்தம் கேட்கும் தூரம். உதவி அனுப்பவில்லை. இதற்குமேல் என்ன விளக்கம் வேண்டும்?

#7 பழையவரைபடம்

மன்னிக்கவும் நண்பரே, மிலோயெயை நான் காப்பாற்ற வரவில்லை. ஆனால் ஒரே ஆள்மேல் போட்டு முடித்தால் மொராவாக்கரை கேட்ட கேள்விக்குப் பாதிப் பதில்தான் கிடைக்கும். ஆறு அரண்களின் இருப்பைப் பாருங்கள்:

செகர் குன்று: சின்ஜெலிச், சுமார் 3,000 பேர். ஆறில் பெரியது, முன்னால் நீட்டிக்கொண்டு நிற்பது.
மேல் மதேயெவாட்ஸ்: பேதர் தோபர்ஞாட்ஸ்.
கமெனிட்சாவுக்கு வடகிழக்கே: இலியா பர்யக்தாரெவிச்.
கமெனிட்சா ஊர்: மிலோயெ பெத்ரோவிச்.
கமெனிட்சாவுக்கு மேலே மலையில்: பவுல்யோ மதேயிச்.
ஆறாவது கீழ் மதேயெவாட்ஸில்.

அன்றைய துப்பாக்கி ஆளைக் குறிவைத்து அடிக்கும் தூரம் ஏறக்குறைய 100 மீட்டர். இந்த அரண்களுக்கு இடையே இருப்பதோ ஊர் தாண்டி ஊர். ஒரு அரணிலிருந்து சுட்டு இன்னொன்றைக் காப்பாற்ற முடியாது. காப்பாற்ற ஒரே வழி, அரணை விட்டு இறங்கித் திறந்த வெளியில் நடப்பது. திறந்த வெளி ஒட்டோமான் குதிரைப்படையின் வீடு. சின்ஜெலிச்சுக்கு உதவப் புறப்படும் காலாட்படை வழியிலேயே குதிரைகளிடம் மாட்டும். ஆகவே உதவி என்றால் இரண்டு மூன்று அரண்கள் ஒன்றாக, ஒரே நேரத்தில், ஒரே கட்டளையில் இறங்க வேண்டும். பகைத்துக்கொண்ட இரண்டு தளபதிகளிடம் அது நடக்குமா?

சொல்ல வருவது இதுதான். ஆறு தலைவர்களுக்கு ஆறு அரண் என்று பிரித்துக்கொண்ட அன்றே, எதிரி ஒன்றை மட்டும் தேர்ந்தெடுத்து முழுப் படையோடு விழலாம் என்ற வசதியைக் கொடுத்துவிட்டார்கள். 30 மே அன்று முதலில் தோபர்ஞாட்ஸின் அரணைத் தாக்கிப் பார்த்தார்கள். மறுநாள் செகர்.

#8 வெடியுப்பு

பழையவரைபடம் சொல்வதோடு ஒத்துப்போகிறேன். இன்னும் ஒன்று, நாட்களின் கணக்கு. செர்பியப் படை நீஷ் ஓரம் வந்து சேர்ந்தது ஏப்ரல் 27. செகர் விழுந்தது மே 31. ஐந்து வாரம்!

வந்த அன்று நீஷ் கோட்டைக்குள் இருந்த படை சிறியது. ஐந்து வாரத்தில் எதிர்னே, தெசலோனிக்கி, வ்ரான்யெ, லெஸ்கோவாட்ஸ் பக்கங்களிலிருந்து உதவிப்படை வந்து சேர்ந்தது. 20,000 என்று சொல்வார்கள். இஸ்தான்புல் பெருவழி நீஷ் வாசலிலேயே போகிறது. அந்த வழியை அடைக்காமல் வடகிழக்கு மலைச்சரிவில் மண் தோண்டிக்கொண்டு இருந்தால் கோட்டை ஒவ்வொரு நாளும் கனத்துக்கொண்டேதான் போகும். முற்றுகை என்றால் நாலாபக்கமும் சுற்றி அடைப்பது. இது முற்றுகையே இல்லை. ஒரு பக்கம் மட்டும் உட்கார்ந்திருந்தது.

இவான்கோவாட்ஸில் ஷனாட்ஸ் வென்றது ஏன்? எதிரி கடந்துபோக வேண்டிய வழியில் அது குறுக்கே நின்றது. பின்னால் காராஜோர்ஜெ பீரங்கியோடு வந்துகொண்டிருந்தார். செகரில் ஒட்டோமான்களுக்கு எங்கும் கடந்துபோகும் அவசரம் இல்லை, பின்னால் வருவதற்கு யாரும் இல்லை. அதே கருவி, தவறான வேலை.

#9 பால்கன்வாசகர்

சரி, ஏற்கிறேன். 'ஒரே பெயர்தான் பதில்' என்றது அவசரம். ஆனாலும் மிலோயெயின் பங்கைக் குறைக்க மாட்டேன். கட்டளை அவர் கையில் இருந்தது, ஐந்து வாரமும் அவருடையது.

ரஷ்யாவையும் இங்கே சேர்க்க வேண்டும். 1807 ஆகஸ்டில் ஸ்லோபோசியாவில் ரஷ்யாவும் ஒட்டோமானும் சண்டை நிறுத்தம் செய்துகொண்டன. அது 1809 வசந்தத்தில் முறிந்தது. ரஷ்யப் படை உடனே டான்யூபைக் கடந்து ஒட்டோமான்களைக் கிழக்கே இழுக்கும் என்ற நம்பிக்கையில்தான் செர்பியர்கள் இத்தனை திசையில் ஒரே சமயத்தில் இறங்கினார்கள். ரஷ்யர்கள் தாமதித்தார்கள். அதனால்தான் 20,000 பேரை நீஷுக்கு அனுப்ப இஸ்தான்புல்லுக்கு முடிந்தது.

#10 நாள்காட்டி

தேதிகளில் ஒரு எச்சரிக்கை, ஏனென்றால் இந்த இழையைப் படித்துவிட்டு யாராவது எழுதப் போகிறீர்கள்.

செர்பியர்கள் அப்போது ஜூலியன் நாட்காட்டி வைத்திருந்தார்கள். 19ஆம் நூற்றாண்டில் வித்தியாசம் 12 நாள். பழைய மே 19 என்பது புதிய மே 31. 20ஆம் நூற்றாண்டு முதல் வித்தியாசம் 13 நாள் ஆகிவிட்டதால், பலர் பழக்கத்தில் 13 கூட்டி ஜூன் 1 என்று போட்டுவிடுகிறார்கள். தவறு.

இதே குழப்பம் ஒராஷாட்ஸிலும் உண்டு. கூட்டம் நடந்தது ஸ்ரெதெஞெ திருநாளில், பழைய பிப்ரவரி 2. 1804இல் அது புதிய கணக்கில் பிப்ரவரி 14. இன்றைக்கு அதே திருநாள் பிப்ரவரி 15இல் வருகிறது. செர்பியாவின் தேசிய நாள் விடுமுறையும் அதனால் 15. நிகழ்ச்சிக்கு 14, விழாவுக்கு 15. இரண்டும் சரியே.

#11 மொராவாக்கரை

நாள்காட்டி அவர்களே, என் குறிப்பேட்டில் ஜூன் 1 என்றுதான் இருந்தது. திருத்திவிட்டேன்.

அடுத்து அந்தக் கைத்துப்பாக்கி. அவர் மருந்தறையைச் சுட்டார் என்பது உண்மையா, பாட்டுகளில் வந்த கதையா?

#12 வெடியுப்பு

நடக்கக்கூடியதா என்பதை மட்டும் நான் சொல்கிறேன். கருமருந்து என்பது வெடியுப்பு 75, கரி 15, கந்தகம் 10 என்ற விகிதக் கலவை. தோட்டா துளைத்ததால் அது பற்றாது. ஈயக் குண்டு மருந்துப் பீப்பாய்க்குள் சும்மா புதைந்துகூடப் போகலாம். பற்றவைப்பது நெருப்பு. அன்றைய கைத்துப்பாக்கியில் இரண்டு இடத்தில் நெருப்பு வரும்: மேலே கிண்ணியில் தெறிக்கும் பொறி, குழல் வாயில் ஒரு சாண் நீளத்துக்கு வரும் சுடர். ஆகவே தூரத்திலிருந்து குறிபார்த்துச் சுடுவதுபோல வரையும் ஓவியங்கள் தவறு. அதைச் செய்தவர் மருந்துக்குப் பக்கத்தில், குழல் வாய் தொடும் அளவில், நின்றிருக்க வேண்டும். அதாவது தப்பிக்க ஒரு விநாடி வாய்ப்புக்கூட வைத்துக்கொள்ளாத செயல்.

செர்பியர்களுக்கு மருந்தின் மதிப்பு நன்றாகத் தெரியும். எழுச்சியின் தொடக்கத்தில் பீரங்கிக்கு உலோகம் இல்லாமல் செர்ரி மரத்தண்டைக் குடைந்து இரும்பு வளையம் பூட்டிச் சுட்டவர்கள் அவர்கள். சில தடவை சுட்டதும் மரம் பிளந்துவிடும். மருந்தில் பெரும்பகுதி ஆஸ்திரிய எல்லை தாண்டி வணிகர்கள் வழியாக வந்தது. அப்படிச் சேர்த்த மருந்தை எதிரி கையில் கொடுக்காமல் இருப்பதும் ஒரு போர்க் காரணம்தான்.

#13 பால்கன்வாசகர்

செயலைச் சந்தேகிக்க எனக்கு இடம் இல்லை. குகிச்சின் விவரிப்பு அதைச் சொல்கிறது, செர்பிய மரபு முழுவதும் ஒரே குரலில் சொல்கிறது. இழப்புக் கணக்கில்தான் ஜாக்கிரதை வேண்டும். செர்பியர் தரப்பில் 3,000 முதல் 4,000. ஒட்டோமான் தரப்பில் 6,000 என்று ஒரு கணக்கு, 10,000 என்று இன்னொன்று. வந்த உதவிப்படையே 20,000 என்றால், ஒரே நாளில் பாதியை இழந்த படை அடுத்த வாரமே வடக்கே துரத்திக்கொண்டு போயிருக்காது. போனார்களே! தெலிகிராடும் அந்தக் கோடையில் விழுந்தது. காராஜோர்ஜெ சுவோதோலில் வென்று நோவி பஸாரைச் சுற்றியிருந்தவர், எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஓடிவர வேண்டியதாயிற்று. ஆகவே பெரிய எண்ணை நான் நம்பவில்லை.

#14 நாள்காட்டி

கோபுரத்துக்கு வருவோம், அங்கும் எண்ணிக்கைக் குழப்பம் நிறைய.

பெயரே முதலில். செர்பியில் செலெ கூலா. துருக்கியில் கெல்லெ என்றால் தலை, குலெ என்றால் கோபுரம். அதுதான் வாய்வழியாகத் திரிந்தது. செர்பியில் 'சேலா' என்றால் வழுக்கை என்பதால், மொட்டை மண்டை என்று சிலர் பொருள் சொல்கிறார்கள். பொருந்தாது.

கட்டியது நீஷில் ஒட்டோமான் படையை நடத்திய ஹுர்ஷித் பாஷாவின் கட்டளைப்படி, 1809இலேயே, இஸ்தான்புல் பெருவழியோரம். ஊருக்குள் வரும் ஒவ்வொருவர் கண்ணிலும் படவேண்டும் என்பதுதான் இடத்தைத் தேர்ந்த காரணம். தலைகளை உரித்து, தோலில் வைக்கோல் அடைத்து இஸ்தான்புல்லுக்கு அனுப்பினார்கள். மண்டையோடுகளைச் சுவரில் பதித்தார்கள். நான்கு பக்கம். பக்கத்துக்கு 14 வரிசை. வரிசைக்கு 17. ஒரு பக்கம் 238, நான்கும் சேர்ந்து 952. உயரம் ஏறக்குறைய 4.5 மீட்டர்.

கணக்கு ஏன் போட்டுக் காட்டுகிறேன் என்றால், பிரெஞ்சுக் கவிஞர் லமார்தீன் 1833இல் அந்த வழியே போனபோது கண்ணால் பார்த்து எழுதிய எண் பதினைந்தாயிரத்துக்கும் மேல். 15 அடிக் கோபுரத்தில் அத்தனை மண்டையோடு அடங்கவே அடங்காது. ஆனால் அவர் எழுதிய மற்றொன்று மறக்க முடியாதது: 24 ஆண்டுகள் கழிந்தும் சில மண்டையோடுகளில் முடி ஒட்டியிருந்து காற்றில் ஆடியது.

#15 பழையவரைபடம்

கணக்கில் இன்னொரு படி போகலாம். செகரில் 3,000 பேர் மாண்டார்கள், கோபுரத்தில் 952. மீதி எங்கே? கோபுரம் இறந்தவர்களின் பட்டியல் அல்ல. கைக்குக் கிடைத்த, சிதையாத மண்டையோடுகள்தான் சுவருக்கு ஆகும். மருந்தறை வெடித்த இடத்தில் நின்றவர்களின் தலை முழுதாகக் கிடைத்திருக்க வாய்ப்பு குறைவு.

இதே காரணத்தால், தனிக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருக்கும் மண்டையோடு சின்ஜெலிச்சுடையது என்பதை மரபு என்று மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டும். பற்றவைத்தவர் வெடியின் நடுவில் நின்றார் என்று வெடியுப்பு இப்போதுதான் விளக்கினார். இரண்டையும் ஒரே மூச்சில் நம்புவது கடினம்.

#16 மொராவாக்கரை

இது நான் யோசிக்காத கோணம். ஒட்டோமான் தரப்பு இதைப் பிறகு எப்படிப் பார்த்தது? ஹுர்ஷித் என்ன ஆனார்?

#17 பழையவரைபடம்

ஹுர்ஷித் சாதாரண ஊர்ப் பாஷா அல்ல. நீஷுக்கு வருமுன் எகிப்தின் ஆளுநராக இருந்து, 1805இல் முகமது அலியிடம் அந்தப் பதவியை இழந்தவர். 1812இல் தலைமை அமைச்சர் ஆனார். 1813இல் செர்பிய எழுச்சியை நசுக்கிய படையெடுப்பும் அவருடையதே. பிறகு கிரேக்கப் பக்கம் அனுப்பப்பட்டு 1822இல் இறந்தார். சின்ஜெலிச் எதிரே நின்றவர் பேரரசின் முதல்தர ஆட்களில் ஒருவர் என்பது தெரிந்தால்தான் 3,000 பேர் ஒரு பகல் முழுக்கத் தாக்குப்பிடித்ததன் எடை புரியும்.

கோபுரத்தின் பயன் ஒட்டோமான்களுக்கே எதிராகத் திரும்பியது. நீஷ் ஆளுநராக 1861இல் வந்த மித்ஹத் பாஷா, இது பயமுறுத்தவில்லை, வெறுப்பைத்தான் வளர்க்கிறது என்று கண்டு மண்டையோடுகளை எடுக்கச் சொன்னார். அதற்கு முன்பே உறவினர்கள் அடக்கம் செய்வதற்காகச் சிலவற்றைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள். நினைவுப் பொருளாகச் சிலர் எடுத்தார்கள். 1878 ஜனவரியில் செர்பியப் படை நீஷில் நுழைந்தபோது பெரும்பாலான குழிகள் வெறுமையாக இருந்தன. முதலில் மேலே ஒரு கூரை; 1892இல் நன்கொடை திரட்டி, திமித்ரியெ லெகோ வரைந்த திட்டப்படி சுற்றிச் சிற்றாலயம் கட்டினார்கள். இன்று சுவரில் மிஞ்சியிருப்பது 58.

#18 பால்கன்வாசகர்

சின்ஜெலிச்சைத் தனி மனிதராகப் பார்த்துவிட்டோம். அவரோடு சேர்த்துப் பார்க்க வேண்டிய இன்னொரு தளபதி ஹைதுக் வெல்கோ பெத்ரோவிச். நான்கே ஆண்டுகள் கழித்து, 1813 கோடையில், நெகோதினில் அதே கதை திரும்ப நடந்தது. வெல்கோ மண்ணரணுக்குள் அடைபட்டார். ஈயம் தீர்ந்ததும் வீடுகளிலிருந்து ஈயக் கரண்டி, தட்டு எல்லாவற்றையும் உருக்கிக் குண்டாக்கினார்கள். அதுவும் தீர்ந்ததும் காசுகளைப் போட்டே சுட்டார்கள். பெல்கிராடிடம் உதவி கேட்டு ஆள்மேல் ஆள் அனுப்பினார். வரவில்லை. அங்கே அப்போதும் செல்வாக்கோடு இருந்தவர் யார் தெரியுமா? மிலோயெயை நீஷுக்கு அனுப்பவைத்த அதே ம்லாதென். அரணைச் சுற்றிப் பார்த்துக்கொண்டிருந்த வெல்கோவைப் பீரங்கிக் குண்டு தாக்கியது. தம்பி மிலுதின் உடலை இரவில் நெகோதின் கோயிலருகே புதைத்தார்.

ஒரு தடவை நடந்தால் ஒருவர் குற்றம் என்று விடலாம். இரண்டு தடவை என்றால் அந்த எழுச்சியின் கட்டமைப்பிலேயே உள்ள பழுது. ஒவ்வொரு வொய்வொதாவும் தன் வட்டாரத்துக்கு ராஜா. படையும் அவர் ஊர்க்காரர்கள்தான். பக்கத்து வொய்வொதா விழுந்தால் தன் பங்கு பெருகும் என்று எண்ணுபவர்களும் இருந்தார்கள். இதை எழுதவே மனம் வலிக்கிறது, ஆனால் எழுதாமல் விட்டால் செகரில் மாண்டவர்களுக்கு நாம் செய்யும் நியாயம் இல்லை.

#19 மொராவாக்கரை

அப்படியானால் தண்டனை யாருக்காவது கிடைத்ததா?

#20 பால்கன்வாசகர்

தோபர்ஞாட்ஸும் மிலென்கோவும் 1811இல் நாடுகடத்தப்பட்டார்கள். ஆனால் அது செகருக்காக அல்ல, காராஜோர்ஜெயின் அதிகாரத்தைக் கட்டுப்படுத்தப் பார்த்ததற்காக. இவான்கோவாட்ஸில் வென்ற இருவரும் 1813இல் நாடு விழும்போது நாட்டில் இல்லை என்று நினைத்துப் பாருங்கள். காராஜோர்ஜெயும் 1813 அக்டோபரில் ஆற்றைக் கடந்து ஆஸ்திரியாவுக்குப் போனார். 1817இல் ரகசியமாகத் திரும்பியபோது, மிலோஷ் ஒப்ரெனோவிச்சின் ஏற்பாட்டில், ராதோவாஞெ காட்டில் தூக்கத்தில் கொல்லப்பட்டார். அவர் தலையும் இஸ்தான்புல்லுக்குத்தான் போனது.

#21 நாள்காட்டி

கடைசியாக ஒன்று, படம் போடுபவர்களுக்கு. இணையத்தில் 'மண்டையோட்டுக் கோபுரம்' என்ற தலைப்பில் குன்றின்மேல் நிற்கும் ஒரு வட்டக் கற்கோபுரத்தின் படம் சுற்றுகிறது. அது செகர் குன்றின் நினைவுச் சின்னம். நீஷ் விடுதலையின் 50ஆம் ஆண்டையொட்டி 1927இல் கட்டியது. அரண் கொத்தளத்தின் சாயலில் எழுப்பியிருப்பதால்தான் குழப்பம். செலெ கூலா நகருக்குள், பழைய பெருவழியோரம், சிற்றாலயத்துக்கு உள்ளே இருக்கிறது. வெளியிலிருந்து கோபுரமே தெரியாது. குன்றின் படத்துக்குக் கீழே 'செகர்' என்று போடுங்கள். உச்சரிப்பில் முதல் எழுத்து 'பச்சை' என்பதில் வரும் அழுத்தமான ச.

#22 மொராவாக்கரை

என் பதிவில் போட்டிருந்த படமும் அந்தக் குன்றுதான். மாற்றிவிட்டேன். ஆறு அரண்களின் பட்டியலையும் தளபதிகளின் பெயரோடு சேர்த்திருக்கிறேன். பெயர் எழுத்துக்கூட்டலில் பிழை இருந்தால் பழையவரைபடம் ஒருமுறை பார்த்துச் சொல்லவும்.

#23 பழையவரைபடம்

பார்த்தேன். பர்யக்தாரெவிச்சின் அரணைக் கமெனிட்சா ஊருக்குள் போட்டிருக்கிறீர்கள். ஊருக்குள் இருந்தது மிலோயெ, இவர் வடகிழக்கே. மற்றவை சரி.